அத்தியாயம் 7: செட்டில்மென்ட் பணத்தில் தகராறு வந்தால்

பணியில் இருக்கும்போதே ஒருவர் இறந்துவிடுகிறார். பதினாறாம் நாள் காரியம் முடிவதற்குள் வீட்டில் பேச்சு ஆரம்பித்துவிடுகிறது: "கம்பெனியிலிருந்து எவ்வளவு வரும்? யார் பேருக்கு வரும்?" நாமினியாகத் தன் பெயர் இருக்கிறது என்று ஒருவர் சொல்வார். தாலி கட்டிக்கொண்டவள் நான் என்பார் இன்னொருவர். பெற்று வளர்த்தவளுக்கு ஒன்றுமில்லையா என்று தாயார் கேட்பார். மூவர் சொல்வதிலும் ஓரளவு நியாயம் உண்டு. எந்தப் பணத்தைப் பற்றிப் பேசுகிறோம் என்பதைப் பொறுத்து அந்த அளவு மாறும்.

தனியார் ஆலை, நிறுவனங்களில் வேலை பார்த்தவர்களின் குடும்பங்களை மனத்தில் வைத்து இந்த அத்தியாயம் எழுதப்பட்டுள்ளது. அரசு ஊழியர் குடும்பத்தினருக்குத் தனியாக ஒரு பகுதி பின்னால் வருகிறது.

வரிசை இதுதான்: தொகைகளைப் பிரித்து எழுதுவது, சட்டப்படி யாருக்கு என்று பார்ப்பது, தகராறான தொகையை மட்டும் நிறுத்தி வைப்பது, பேசுவது, எழுதுவது. அதன் பிறகும் முடியாவிட்டால்தான் நீதிமன்றம். பணம் ஒருவர் கணக்கில் ஏறிவிட்ட பிறகு அதைப் பிரிப்பது பத்து மடங்கு கடினம். ஆகவே ஏறுவதற்கு முன்பே பேசி முடிக்கப் பாருங்கள்.

படி 1: "மொத்தம் எவ்வளவு" என்று கேட்காதீர்கள்

செட்டில்மென்ட் என்று ஒரே சொல்லில் சொல்கிறோம். அதற்குள் குறைந்தது ஐந்து தொகைகள் இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் விதி வேறு, அலுவலகம் வேறு. ஒரு நோட்டில் ஐந்து பக்கம் ஒதுக்கி இப்படி எழுதுங்கள்:

1. பி.எஃப். இருப்பு: வருங்கால வைப்பு நிதி அலுவலகம் தருவது. தொழிலாளியின் சந்தா, நிறுவனத்தின் சந்தா, வட்டி எல்லாம் இதில் அடங்கும்.

2. இ.டி.எல்.ஐ. காப்பீடு: பி.எஃப். உறுப்பினர் பணிக்காலத்தில் இறந்தால் கிடைக்கும் காப்பீட்டுத் தொகை. உச்சவரம்பு 7 லட்சம் ரூபாய். இதற்காகத் தொழிலாளி தனியாக எதுவும் கட்டியிருக்க மாட்டார் என்பதால் பல குடும்பங்களுக்கு இப்படி ஒன்று இருப்பதே தெரிவதில்லை. சில நிறுவனங்கள் இதற்குப் பதிலாகத் தனிக் குழுக் காப்பீடு எடுத்திருக்கும், அதையும் கேட்டுக்கொள்ளுங்கள்.

3. இ.பி.எஸ். ஓய்வூதியம்: 1995 திட்டத்தின்படி மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் மாதந்தோறும் வருவது. பணியில் இருக்கும்போது இறந்தவர் ஒரு மாதச் சந்தா கட்டியிருந்தாலே போதும், பத்து ஆண்டு சேவை தேவையில்லை.

4. கிராஜுவிட்டி: நிறுவனம் தருவது. ஐந்து ஆண்டு முடிந்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை மரணம் நேர்ந்தால் கிடையாது. மூன்றே ஆண்டு வேலை பார்த்தவர் குடும்பத்திடம் "ஐந்து வருஷம் ஆகலையே" என்று சொல்லித் திருப்பி அனுப்பினால் ஏமாறாதீர்கள்.

5. பாக்கிச் சம்பளம், விடுப்புச் சம்பளம், போனஸ், தொழிலாளர் கூட்டுறவுச் சங்கத்தில் உள்ள பங்குத் தொகை.

எல்.ஐ.சி. பாலிசி, வங்கிச் சேமிப்பு, நகைச்சீட்டு ஆகியவற்றை இந்த நோட்டில் கலக்காதீர்கள். அவை அவருடைய சொந்தச் சேமிப்பு. வேறு நோட்டு போடுங்கள்.

நிறுவனத்தின் மனிதவளப் பிரிவிடம் எழுத்தில் கேட்க வேண்டியவை: யு.ஏ.என். எண், பணியில் சேர்ந்த நாள், கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும், பி.எஃப்.புக்கும் கிராஜுவிட்டிக்கும் கொடுத்த நியமனப் படிவங்களின் நகல். இரண்டு படிவமும் தனித்தனி. ஒன்றில் மனைவியும் மற்றொன்றில் அண்ணனும் நாமினியாக இருப்பது சாதாரணமாக நடப்பதுதான்.

எச்சரிக்கை: இறந்தவரின் கைப்பேசிக்கு வரும் ஓ.டி.பி.யை வைத்து அவர் உயிரோடு இருப்பதுபோல் பி.எஃப். முன்பணம் கேட்பதும், அவருடைய ஏ.டி.எம். அட்டையில் பணம் எடுப்பதும் குற்ற வழக்கில் கொண்டுபோய் விடும். "நம்ம காசுதானே" என்பது காவல் நிலையத்தில் செல்லுபடியாகாத வாதம். அட்டையையும் சிம்மையும் ஒரு உறையில் போட்டு ஒட்டி, இரு தரப்பும் நம்பும் ஒருவரிடம் கொடுத்துவிடுங்கள்.

படி 2: நாமினியா, வாரிசா என்று பாருங்கள்

நாமினி என்று எழுதப்பட்டவருக்கே பணம் முழுவதும் சொந்தம் என்ற நம்பிக்கை ஆழமாக வேரூன்றியிருக்கிறது. காப்பீட்டில் நாமினி பணத்தைப் பெற்றுக்கொள்ளும் கை மட்டுமே, உரிமை வாரிசுகளுக்குத்தான் என்று 1984-இலேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. 2009-இல் பொது வைப்பு நிதிக்கும் அதே வழியில் தீர்ப்பு வந்தது. (காப்பீட்டுச் சட்டம் 2015-இல் திருத்தப்பட்டது, பெற்றோர், மனைவி, பிள்ளைகள் நாமினியாக இருந்தால் எல்.ஐ.சி. பணம் இப்போது அவர்களுக்கே. அந்தத் தனி நோட்டில் இதைக் குறித்துக்கொள்ளுங்கள்.) தொழிலாளர் பி.எஃப்.பில் நாமினிக்குச் சாதகமான சொற்கள் சட்டத்திலேயே இருப்பதால் தீர்ப்புகள் ஒரே திசையில் இல்லை. ஆகவே நாமினி சரியாக நியமிக்கப்பட்டவரா என்பதுதான் நீங்கள் முதலில் பார்க்க வேண்டியது.

பார்க்கும் முறை:

1. படிவத்தில் உள்ளவர் "குடும்பம்" என்ற வரையறைக்குள் வருகிறாரா? ஆண் உறுப்பினருக்கு மனைவி, பிள்ளைகள், அவரைச் சார்ந்திருந்த பெற்றோர், இறந்த மகனின் விதவையும் பிள்ளைகளும் குடும்பம். அண்ணன், தம்பி, அக்காள் மகன் இதில் இல்லை. குடும்பம் உள்ளவர் வெளியாளை நியமித்தால் அது செல்லாது.

2. நியமித்த தேதி திருமணத்துக்கு முன்பா? அப்போது குடும்பம் இல்லாமல் வெளியாள் ஒருவரை எழுதியிருந்தால், திருமணம் ஆனவுடனே அந்த நியமனம் தானாகவே செல்லாததாகிவிடும்.

3. செல்லத்தக்க நியமனம் இல்லையென்றால் பி.எஃப்.பும் இ.டி.எல்.ஐ.யும் குடும்ப உறுப்பினர்களுக்குச் சமமாகப் பிரியும். ஆனால் வயதுவந்த மகன்களுக்கும், கணவர் உயிருடன் உள்ள திருமணமான மகள்களுக்கும் அதில் பங்கில்லை. இந்த விதி தெரியாமல்தான் பாதிச் சண்டை நடக்கிறது.

4. கிராஜுவிட்டிக்குச் செல்லத்தக்க நியமனம் இல்லையென்றால் அது வாரிசுகளுக்குப் போகும். வாரிசு யார் என்பதை மதவழிச் சட்டம் சொல்லும்.

இந்து ஆண் ஒருவர் உயில் எழுதாமல் இறந்தால் முதல் வகுப்பு வாரிசுகள் மனைவி, மகன்கள், மகள்கள், தாய். எல்லாருக்கும் சம பங்கு. திருமணமான மகளுக்கும் உண்டு. தந்தை முதல் வகுப்பில் இல்லை என்பது பலருக்கு அதிர்ச்சியாக இருக்கும். இந்த நால்வகையினரில் ஒருவர் இருந்தாலும் தந்தைக்குப் பங்கு வராது. கிறிஸ்தவர் என்றால் மனைவிக்கு மூன்றில் ஒன்று, மீதி பிள்ளைகளுக்கு. பிள்ளைகள் இருந்தால் தாய்க்குப் பங்கில்லை. முஸ்லிம் குடும்பத்தில் பிள்ளைகள் இருக்கும்போது மனைவிக்கு எட்டில் ஒன்று, தாய்க்கு ஆறில் ஒன்று, மீதியில் மகனுக்கு மகளைப்போல் இரண்டு பங்கு.

5. ஓய்வூதியம் இந்தக் கணக்குகள் எதிலும் வராது. குடும்ப ஓய்வூதியம் இறந்தவரின் சொத்தே அல்ல, அதை உயில் எழுதியும் கொடுக்க முடியாது என்று 1991-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. திட்டம் யாரைச் சொல்கிறதோ அவருக்குத்தான். இ.பி.எஸ்.இல் மனைவிக்கும், 25 வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளில் ஒரே சமயத்தில் இருவருக்கும் கிடைக்கும். ஒவ்வொரு பிள்ளைக்கும் மனைவியின் ஓய்வூதியத்தில் நான்கில் ஒரு பங்கு.

ஒரு கணக்கு

கோவைப் பக்கத்து நூற்பாலையில் ஃபிட்டராக இருந்த ஒருவர் 2024-இல் இறந்தார் என்று வைத்துக்கொள்வோம். இந்து. 18 ஆண்டு சேவை. அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்ந்து 26,000 ரூபாய். பி.எஃப். இருப்பு 6,40,000. மனைவி, அவரையே சார்ந்திருந்த தாய், வேலைக்குப் போகும் 26 வயது மகன், திருமணமான மகள் என நால்வர். படிவங்களில் நாமினி அவருடைய அண்ணன்; திருமணத்துக்கு முன் எழுதியது, பிறகு மாற்றவே இல்லை.

அண்ணன் நியமனம் இரண்டிலும் செல்லாது. அதன் பிறகு:

பி.எஃப். 6,40,000: மனைவிக்கும் தாய்க்கும் தலா 3,20,000. மகனுக்கும் மகளுக்கும் இல்லை.

இ.டி.எல்.ஐ.: சம்பள வரம்பு 15,000 என்று கொண்டு அதன் 35 மடங்கு 5,25,000; கடைசிப் பன்னிரண்டு மாதச் சராசரி இருப்பில் பாதி, 1,75,000-க்கு மேற்படாமல். மொத்தம் 7,00,000. மனைவிக்கும் தாய்க்கும் தலா 3,50,000.

கிராஜுவிட்டி: 26,000-ஐ 26-ஆல் வகுத்து 15-ஆல் பெருக்கினால் 15,000, அதை 18 ஆண்டால் பெருக்க 2,70,000. நால்வருக்கும் தலா 67,500.

பாக்கிச் சம்பளம், விடுப்புச் சம்பளம்: நால்வருக்கும் சமம். ஓய்வூதியம்: மனைவிக்கு மட்டும்.

இந்தத் தாளைக் குடும்பத்தின் முன் வைத்தால் பேச்சின் தொனியே மாறிவிடும். எல்லாவற்றிலும் கால் பங்கு கேட்ட மகன், பெரும்பகுதித் தொகையில் தனக்கு இடமில்லை என்று தெரிந்து நிதானத்துக்கு வருவான். தாய்க்கு ஒன்றுமில்லை என்றிருந்த மருமகள், சட்டம் மாமியாருக்குக் கொடுத்திருப்பதைப் பார்ப்பாள்.

குறிப்பு: சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்திருக்கிறது. மரணம் அதற்குப் பிறகு என்றால் படிவங்களையும் வரையறைகளையும் பி.எஃப். அலுவலகத்திலும் தொழிலாளர் துறையிலும் ஒருமுறை கேட்டு உறுதிசெய்துகொண்டு கணக்குப் போடுங்கள்.

படி 3: தகராறான தொகையை மட்டும் நிறுத்தி வையுங்கள்

நிறுவனத்துக்கும் பி.எஃப். அலுவலகத்துக்கும் ஆட்சேபணைக் கடிதம் தனித்தனியாக அனுப்புங்கள். விரைவுத் தபாலில், ஒப்புகையுடன். முழுமையான உரிமைக் கோரிக்கையை 20 நாளில் முடிக்க வேண்டும் என்பது பி.எஃப். விதி, ஆகவே தாமதிக்கக் கூடாது. மாதிரி:

"பொருள்: காலஞ்சென்ற திரு. ______, யு.ஏ.என். ______, பணியாளர் எண் ______: பி.எஃப்., இ.டி.எல்.ஐ., கிராஜுவிட்டி வழங்குவது குறித்து. மேற்படி நபர் ______ அன்று இறந்தார். நான் அவருடைய மனைவி / தாய் / மகள். தங்கள் பதிவேட்டில் உள்ள நியமனம் அவருடைய திருமணத்துக்கு முன் குடும்பத்தைச் சேராத ஒருவர் பெயரில் செய்யப்பட்டது, அது செல்லாது. எனக்கும் பின்வரும் குடும்ப உறுப்பினர்களுக்கும் உரிமை உள்ளது: ______. எங்களை விசாரிக்காமல் மேற்படி தொகைகளை வேறு எவருக்கும் வழங்க வேண்டாம். மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் உரிய மாத ஓய்வூதியத்துக்கு இந்த ஆட்சேபணை பொருந்தாது."

கடைசி வரியை விட்டுவிடாதீர்கள். எல்லாவற்றையும் நிறுத்தச் சொல்லி எழுதிவிட்டு, வீட்டில் அரிசி வாங்கக் காசில்லாமல் தவித்த குடும்பங்கள் உண்டு.

இந்தக் கடிதத்தின் வலிமைக்கும் எல்லை இருக்கிறது. நியமனம் செல்லத்தக்கதாக இருந்தால் அலுவலகம் நாமினிக்குக் கொடுத்துவிடலாம். கட்டாயமாக நிறுத்த நீதிமன்றத் தடை உத்தரவு வேண்டும். கிராஜுவிட்டியில் நிலைமை உங்களுக்கு இன்னும் சாதகம். 1972-ஆம் ஆண்டின் கிராஜுவிட்டிச் சட்டப்படி, யாருக்குக் கொடுப்பது என்பதில் தகராறு இருந்தால் நிறுவனம் தான் ஒப்புக்கொள்ளும் தொகையைக் கட்டுப்பாட்டு அதிகாரியிடம் செலுத்தியாக வேண்டும். தமிழ்நாட்டில் பெரும்பாலான தனியார் நிறுவனங்களுக்கு அந்த அதிகாரி தொழிலாளர் உதவி ஆணையர். "நீங்கள் பேசி முடித்துக்கொண்டு வாருங்கள், அதுவரை எங்களிடமே இருக்கட்டும்" என்று நிறுவனம் சொன்னால், செலுத்தச் சொல்லி எழுதிக் கேளுங்கள். 30 நாளுக்கு மேல் தாமதித்தால் வட்டியும் சேரும்.

படி 4: வாரிசுச் சான்றில் யாரையும் விடாதீர்கள்

வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்றுக்கு இ-சேவை மையத்தில் விண்ணப்பிக்கலாம். இறப்புச் சான்று, ஆதார், குடும்ப அட்டை, உறவைக் காட்டும் ஆவணங்கள் தேவை. கிராம நிர்வாக அலுவலரும் வருவாய் ஆய்வாளரும் விசாரிப்பார்கள்.

இங்கே நடக்கும் பெரிய தவறு, கோபத்தில் ஒருவரை மறைப்பது. மாமியாரை மருமகளும், மருமகளை மாமியாரும் மறைப்பார்கள்; முதல் தாரத்துப் பிள்ளைகளை இரண்டு பேருமே மறைப்பார்கள். பின்னர் ஒரு புகார் போனாலே சான்று ரத்தாகும், பொய்த் தகவல் தந்ததற்கு நடவடிக்கையும் வரும். எல்லாரையும் எழுதுவதால் எல்லாருக்கும் பணம் போய்விடாது. இந்தச் சான்று யார் வாரிசு என்று காட்டுமே தவிரப் பங்கைத் தீர்மானிக்காது.

இறப்புச் சான்றில் பெயர், தந்தை பெயர், இனிஷியல் ஆகியவை ஆதாரோடும் பி.எஃப். பதிவோடும் ஒத்துப்போகிறதா என்று முதல் வாரத்திலேயே பாருங்கள். ஒரு புள்ளி வித்தியாசத்துக்காகக் கோப்பு மாதக்கணக்கில் கிடக்கும்.

படி 5: பேச உட்காருங்கள்

1. இடம் பொதுவாக இருக்கட்டும். இறந்தவர் வீட்டில் வேண்டாம். அங்கே ஒவ்வொரு பொருளும் ஒரு சண்டையைக் கிளப்பும்.

2. ஒரு தரப்புக்கு இரண்டு பேர், நடுவில் ஒருவர். இறந்தவரோடு வேலை பார்த்த மூத்த தொழிலாளியோ தொழிற்சங்க நிர்வாகியோ நல்ல தேர்வு. அவருக்குத் தொகைகளும் தெரியும், உறவுக்குள் பக்கமும் இருக்காது. ஊர்ப் பெரியவர் என்ற பெயரில் கட்சிக்காரரை உட்கார வைத்தால் கடைசியில் அவருக்கும் ஒரு பங்கு எழுத வேண்டியிருக்கும்.

3. முதலில் ஈமச்சடங்குச் செலவு, மருத்துவமனைச் செலவுக்கான ரசீதுகளைப் பட்டியலிட்டு, யார் கொடுத்தார்களோ அவர்களுக்குத் திருப்புவதை ஒப்புக்கொள்ளுங்கள். சிறிய தொகைதான். ஆனால் முதல் ஒப்புதல் கிடைத்துவிட்டால் அடுத்தது எளிது.

4. "அவன் என்னிடம் இரண்டு லட்சம் வாங்கினான்" என்ற கைமாற்றுக் கதைகளை இந்தப் பேச்சில் சேர்க்காதீர்கள். பி.எஃப்., கிராஜுவிட்டித் தொகைகளைக் கடனுக்காக ஜப்தி செய்ய முடியாது. கடன் உண்மையானால் அதற்குத் தனி வழி இருக்கிறது.

5. பிறகு மேலே போட்ட கணக்குத் தாளை எடுங்கள். சட்டப் பங்கிலிருந்து தொடங்கி, தேவையைப் பார்த்து விட்டுக்கொடுங்கள்.

தாயாரின் பங்குதான் வழக்கமாக முட்டிக்கொள்ளும் இடம். "அம்மாவுக்குக் கொடுத்தால் அது தம்பிக்குப் போய்விடும்" என்று மருமகள் அஞ்சுவார். பங்கைக் குறைப்பதைவிட, அவர் பங்கை அஞ்சலக மாத வருமானத் திட்டத்திலோ மூத்த குடிமக்கள் சேமிப்புத் திட்டத்திலோ அவர் பெயரில் போட்டு, பேரப்பிள்ளைகளை நாமினியாக எழுதச் செய்வது நல்ல வழி. வட்டி அவர் கைச்செலவுக்கு ஆகும்.

பேச்சில் அடிக்கடி எழும் மூன்று பொய்களுக்குப் பதில் தயாராக இருக்கட்டும். மறுமணம் செய்துகொண்டால் விதவைக்கு எதுவும் கிடையாது என்பார்கள்: இ.பி.எஸ். ஓய்வூதியம் நிற்கும், மற்றத் தொகைகளில் அவர் பங்கு போகாது. பிரிந்துதானே வாழ்ந்தாள் என்பார்கள்: சட்டப்படி விவாகரத்து ஆகாதவரை மனைவி மனைவிதான், நோட்டரி முன் எழுதிக்கொண்ட பிரிவுப் பத்திரம் பொதுவாக நிற்காது. மகனுக்குத்தான் எல்லாம் என்பார்கள்: பதில் படி 2-இல் இருக்கிறது.

பாதுகாப்பு: கையெழுத்துப் போடும்வரை வீட்டைவிட்டுப் போ என்று விதவையை மிரட்டினால் அது பேச்சுவார்த்தை அல்ல. கணவனோடு வாழ்ந்த வீட்டில் தங்கும் உரிமையை 2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் தருகிறது. பெண்கள் உதவி எண் 181. அன்றைக்கே அழையுங்கள், பணத்தைப் பிறகு பேசலாம்.

படி 6: எழுதிக்கொள்ளுங்கள்

வாய்ப்பேச்சாக முடிந்த உடன்பாடு முதல் செக் வரும்வரைதான் தாங்கும். உரிய முத்திரைத்தாளில் குடும்ப உடன்பாட்டுப் பத்திரம் எழுதுங்கள். பணத்துக்கு மட்டுமான உடன்பாட்டைப் பதிவு செய்யக் கட்டாயமில்லை. வீடு, நிலம் சேர்ந்தால் கணக்கே வேறு, அதை இதில் சேர்க்காதீர்கள்.

பத்திரத்தில் இருக்க வேண்டியவை: எல்லா வாரிசுகளின் பெயரும் உறவும்; ஒவ்வொரு தொகையும் தனித்தனியாக; யார் எந்தப் படிவத்தில் கையெழுத்திடுவார்; யாருடைய வங்கிக் கணக்கில் எவ்வளவு ஏறும்; ஒருவர் கணக்கில் மொத்தமாக ஏறினால் எத்தனை நாளுக்குள் மற்றவர்களுக்கு மாற்றுவார்; மாற்றாவிட்டால் என்ன; எதிர்பார்த்ததைவிடக் கூடுதலாகவோ குறைவாகவோ வந்தால் எப்படிப் பிரிப்பது. பக்கத்துக்குப் பக்கம் கையெழுத்து, இரண்டு சாட்சிகள், ஆளுக்கொரு நகல்.

"எல்லாத் தொகையிலும் என் உரிமையை விட்டுக்கொடுக்கிறேன்" என்ற ஒற்றை வரியில் கையெழுத்துப் போடாதீர்கள். எந்தத் தொகை, எவ்வளவு என்று எழுதச் சொல்லுங்கள். வெற்றுத் தாளிலும், நிரப்பாத படிவத்திலும், கையெழுத்திட்ட வெற்றுக் காசோலையிலும் கூடவே கூடாது. "ஆட்சேபணை இல்லை" என்று ஒருவர் எழுதித் தருவதாக இருந்தால், அவருக்குரிய தொகை கைமாறும் அதே நாளில், அதே மேசையில் தரட்டும்.

மைனர் பிள்ளைகளின் பங்கில் யாரும் கை வைக்க வேண்டாம். தாயேகூட அதை விட்டுக்கொடுத்து எழுத முடியாது. எழுதினாலும் பிள்ளை வயதுக்கு வந்தபின் எதிர்த்து வழக்குப் போடலாம். மைனர் பெயரில் கணக்கு திறந்து அதில் ஏறச் செய்யுங்கள்.

படி 7: பேசி முடியவில்லையென்றால்

நேராக வழக்கறிஞர் அலுவலகம் போவதற்கு முன், மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். தாலுகா அளவிலும் குழுக்கள் உண்டு. பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வழக்கறிஞர் தருவார்கள். தொலைபேசி எண் 15100. வழக்குத் தொடுக்காமலேயே லோக் அதாலத்தில் உடன்பாடு செய்துகொள்ளலாம். அங்கே எழுதப்படும் முடிவு உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம், மேல்முறையீடு கிடையாது. என் கருத்தில் இந்தத் தகராறுகளில் பெரும்பாலானவற்றுக்கு இதுவே போதுமானது. குடும்பத்துக்குள் எழுதிய பத்திரத்தைக்கூட இங்கே கொண்டுபோய்ப் பதியவைத்துக்கொண்டால் அதற்குப் பல் முளைக்கும்.

அதுவும் பலிக்கவில்லையென்றால் சக்சஷன் சான்றிதழுக்கு மனு. இது வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்று அல்ல. 1925-ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டப்படி, இறந்தவர் கடைசியாக வசித்த இடத்துக்குரிய நீதிமன்றம் தருவது. தொகைக்கேற்ற கட்டணம் உண்டு. உறவினர்களுக்கு அறிவிப்புப் போகும், நாளிதழில் விளம்பரம் வரும். எதிர்ப்பு இல்லையென்றால் மாதக்கணக்கு, இருந்தால் ஆண்டுக்கணக்கு. இந்தச் சான்றிதழைப் பார்த்துப் பணம் கொடுத்த நிறுவனத்துக்கு அதன் பிறகு பொறுப்பில்லை. அதனால்தான் தகராறு என்றவுடன் நிறுவனங்கள் இதைக் கேட்கின்றன. கேட்கிறார்களே என்று எல்லாவற்றுக்கும் வாங்க ஓடாதீர்கள். பி.எஃப்.பில் செல்லத்தக்க நியமனம் இருந்தாலும், குடும்பத்துக்குச் சமமாகப் பிரியும் நிலை இருந்தாலும் பெரும்பாலும் தேவைப்படாது.

பணம் ஏற்கெனவே ஒருவர் கணக்குக்குப் போய்விட்டதா? உங்கள் பங்கைக் கேட்டு வழக்கறிஞர் அறிவிப்பு அனுப்பி, உரிமையியல் வழக்குத் தொடுங்கள். மூன்று ஆண்டுக் காலவரம்பு ஓடிக்கொண்டிருக்கிறது என்று எண்ணியே செயல்படுங்கள்.

இரண்டு மனைவிகள் என்றால்

மிகக் கசப்பான வழக்குகள் இவை. இந்துத் திருமணச் சட்டப்படி, முதல் மனைவி உயிரோடு, விவாகரத்து ஆகாமல் இருக்கும்போது நடந்த இரண்டாவது திருமணம் செல்லாது. எத்தனை ஆண்டு சேர்ந்து வாழ்ந்திருந்தாலும், குடும்ப அட்டையில் பெயர் இருந்தாலும் அவர் வாரிசு ஆகமாட்டார். ஆனால் அவருக்குப் பிறந்த பிள்ளைகள் சட்டப்படியான பிள்ளைகளே. தந்தையின் சொத்தில் மற்றப் பிள்ளைகளுக்குச் சமமான பங்கு அவர்களுக்கு உண்டு. 2000-இல் உச்ச நீதிமன்றம் ஒரு பீகார் அரசு ஊழியர் வழக்கில் இதையே கிராஜுவிட்டிக்கும் குடும்ப ஓய்வூதியத்துக்கும் பொருத்திச் சொன்னது.

2008-இல் வந்த இன்னொரு தீர்ப்பைப் பேச்சுவார்த்தைக்கு எடுத்துப் போகலாம். இரண்டாவது பெண்தான் நாமினி, நான்கு பிள்ளைகளும் அவருக்குப் பிறந்தவர்கள். உச்ச நீதிமன்றம் சக்சஷன் சான்றிதழை அவருக்கே கொடுத்தது. ஆனால் முதல் மனைவிக்கும் நான்கு பிள்ளைகளுக்கும் ஆளுக்கு ஐந்தில் ஒரு பங்கு என்று வகுத்து, முதல் மனைவியின் பங்கைப் பாதுகாத்துக் கொடுக்க வேண்டும் என்றது. பணத்தை வாங்குவது ஒருவர், உரியவர்கள் வேறு என்ற ஏற்பாடு நடைமுறையில் சாத்தியம் என்பதற்கு இது சான்று. முதல் மனைவியும் இரண்டாவது வீட்டுப் பிள்ளைகளும் நேரடியாகப் பேசினால் பல வழக்குகள் வேகமாக முடியும். இடையில் இருப்பவர்களால்தான் இழுபடுகின்றன.

முஸ்லிம் குடும்பத்தில் இரண்டு மனைவிகளும் சட்டப்படியானவர்களாக இருக்கலாம். மனைவிக்குரிய அந்த எட்டில் ஒரு பங்கை இருவரும் பகிர்ந்துகொள்வார்கள்.

அரசு ஊழியர் குடும்பத்துக்கு

பி.எஃப். அலுவலகத்துக்குப் பதிலாகத் துறைத் தலைமையும் கணக்குத் தணிக்கை அலுவலகமும் வரும். வரிசை அதேதான். திருமணத்துக்கு முன் தாயை நாமினியாக எழுதிப் பிறகு மாற்றாமல் இறந்த மத்திய அரசு ஊழியர் வழக்கில், 2025 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த நியமனம் திருமணத்தோடு செல்லாமல் போனது என்று சொல்லி, பொது வைப்பு நிதியைத் தாய்க்கும் மனைவிக்கும் சமமாகப் பிரித்தது.

தமிழ்நாட்டில் கருணை அடிப்படை வேலைக்கு மரணத்திலிருந்து மூன்று ஆண்டுக்குள் விண்ணப்பிக்க வேண்டும், மற்ற வாரிசுகளின் சம்மதமும் வேண்டும். பணத் தகராறில் இந்தச் சம்மதத்தைப் பணயமாக வைத்து இழுத்தடிப்பதைப் பார்க்கலாம். காலவரம்பு முடிந்தால் வேலை யாருக்குமே இல்லை. எனவே வேலைக்கான சம்மதத்தையும், வேலை பெறுபவர் தாயையும் உடன்பிறப்புகளையும் பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையையும் ஒரே உடன்பாட்டில் முதல் பத்தியாக எழுதுங்கள்.

பணம் வந்த பிறகு

1. ஏறிய தொகையை வங்கிக் கணக்கு அறிக்கையோடு நோட்டின் அந்தந்தப் பக்கத்தில் ஒட்டுங்கள்.

2. மற்றவர் பங்கை வங்கி வழியாகவே மாற்றுங்கள். ரொக்கமாகக் கொடுத்ததற்கு நாளைக்குச் சாட்சி கிடைக்காது. கொடுத்ததற்கு ரசீதும் வாங்குங்கள்.

3. பி.எஃப். தொகை குறைவாகத் தோன்றினால் யு.ஏ.என். பாஸ்புத்தகத்தோடு ஒப்பிட்டு, பி.எஃப். குறைதீர் இணையதளத்தில் புகார் பதியுங்கள்.

4. கிராஜுவிட்டியில் கட்டுப்பாட்டு அதிகாரியின் உத்தரவு பிடிக்கவில்லையென்றால் 60 நாளுக்குள் மேல்முறையீடு.

5. ஆட்சேபணைக் கடிதம் கொடுத்தவர், உடன்பாடு நிறைவேறியதும் அதைத் திரும்பப் பெறும் கடிதத்தை நிறுவனத்துக்கும் பி.எஃப். அலுவலகத்துக்கும் அனுப்ப வேண்டும். இதை மறந்துவிடுவதால் விடுப்புச் சம்பளம், போனஸ் பாக்கி போன்ற சில்லறைத் தொகைகள் ஆண்டுக்கணக்கில் கோப்பில் கிடக்கின்றன.